மஞ்சள் கோட்டு மாமா வழிவிட்ட நாள்

இது சைகோனில் நடந்தது. அரசாங்கப் பெயர் ஹோ சி மின் நகரம்தான், ஆனால் அங்கே இருக்கிறவர்கள் பேச்சில் இன்னும் சைகோன் என்றே சொல்வார்கள். எங்களுக்கும் அதுவே பழகிவிட்டது. மெட்ரோ ரயில் ஓடத் தொடங்குவதற்குப் பல வருஷங்களுக்கு முந்தைய ஒரு மழைக்காலம். ஒரு சனிக்கிழமை சாயங்காலம்.

எங்களுக்குச் சொந்த ஊர் காரைக்கால். என் கணவருக்கு தூ டுக் பகுதியில் உள்ள தொழில்நுட்பப் பூங்காவில் இன்ஜினீயர் வேலை கிடைத்ததால் குடும்பத்தோடு அங்கே போனோம். நான் வீட்டிலிருந்தபடியே நம்மூர்ப் பிள்ளைகளுக்கு ஆன்லைனில் கணக்கு டியூஷன் எடுத்துக்கொண்டிருந்தேன். ஒரே மகள். அப்போது மூன்றாம் வகுப்பு. சின்ன வயதிலிருந்தே அவளுக்கு ஆஸ்துமா உண்டு. மற்றபடி வாய் ஓயாத பிள்ளை.

போன புதிதில் எனக்கு அந்த ஊர் மொழி ஒரு வார்த்தைகூடப் புரியவில்லை. வியட்நாமிய மொழியில் ஒரே சொல்லை ஏற்றி இறக்கி ஆறு விதமாகச் சொல்வார்கள். ஆறுக்கும் வேறு வேறு பொருள். வகுப்புக்குப் போய்ப் பார்த்தேன், ஏறவில்லை. கடைசியில் எனக்கும் மகளுக்கும் மொழி சொல்லிக்கொடுத்தது ஒரு டிவி நிகழ்ச்சி.

ஞாயிற்றுக்கிழமை மதியம் வரும். சைகோன் வாழ்க்கையைக் கிண்டல் செய்கிற நிகழ்ச்சி. அடுக்குமாடி லிஃப்டில் இறங்குகிறவர்களை இறங்க விடாமல் உள்ளே பாய்கிறவர்கள், ஒரு கிளாஸ் காபியை வாங்கி வைத்துக்கொண்டு கடை மூடும்வரை லேப்டாப்போடு உட்கார்ந்திருக்கும் இளைஞன், மதியத் தூக்க நேரத்தில் மைக் பிடித்துப் பாடும் பக்கத்து வீட்டுக்காரர் என்று எல்லாம் நாங்கள் தினம் பார்க்கிற ஆட்கள். அந்தப் பாட்டுக்காரரைக் கண்டிக்கக் குடியிருப்போர் கூட்டம் போட்டு, கடைசியில் கண்டிக்க வந்தவர்கள் எல்லோரும் வரிசையில் நின்று மைக் வாங்கிப் பாடுகிற காட்சியைப் பார்த்து என் கணவர் சோபாவிலிருந்து கீழே விழுந்தார். எங்கள் மாடியில் அதற்கு முந்தின வாரம்தான் ஏறக்குறைய அதே கூட்டம் நடந்திருந்தது.

அந்த நிகழ்ச்சியில் எங்களுக்கு ரொம்பப் பிடித்த ஆள் ஒருவர் உண்டு. ஐம்பது வயதைத் தாண்டிய நடிகர். தொப்பை, ஒட்டு மீசை, தலைக்குப் பொருந்தாத பெரிய ஹெல்மெட், மழை பெய்தாலும் வெயில் அடித்தாலும் ஒரு மஞ்சள் மழைக்கோட்டு. என் மகள் அவருக்கு வைத்த பெயர் ‘மஞ்சள் கோட்டு மாமா’. ஓர் ஓட்டை மோட்டார் சைக்கிளில் வருவார். பின்னால் வாரத்துக்கு ஒரு சாமான் கட்டியிருக்கும். ஒரு வாரம் மெத்தை, ஒரு வாரம் பூச்சட்டியோடு மரம், ஒரு தடவை பிளாஸ்டிக் நாற்காலியில் உட்காரவைத்த மாமியார். சிக்னலுக்கு நிற்க மாட்டார். நடைபாதையில் ஏறி ஓட்டுவார். அங்கே நடந்து வருகிறவர்களைப் பார்த்து, “வண்டி போற இடத்துல ஏன் நடக்குறீங்க?” என்று சண்டை போடுவார். யாராவது எதிர்த்துக் கேட்டால் ஹெல்மெட்டைத் தூக்கிக்கொண்டு ஒரே ஒரு வசனம்: “அவசரம்! எனக்கு மட்டும்தான் அவசரம்!”

அப்படி எல்லோரையும் இடித்துத் தள்ளிக்கொண்டு எங்கே போகிறார்? நேராக ஒரு தெருவோரக் கடைக்கு. ஐஸ் காபி வாங்கி, காலை நீட்டி, மாலைவரை சும்மா உட்கார்ந்திருப்பார். எல்லா வாரமும் இதே முடிவுதான். எல்லா வாரமும் ஊரே சிரிக்கும்.

அந்த வசனத்தை நான் மனப்பாடம் செய்து, எங்கள் கட்டடத்துக் காவலாளியிடம் பார்சல் வாங்கும்போது பெருமையாகச் சொன்னேன். மனிதர் சிரித்து முடிக்க நேரமானது. பிறகு மரியாதையாக விளக்கினார். அவர்கள் மொழியில் ‘நான்’, ‘எனக்கு’ என்பதற்கு ஆளுக்கேற்றபடி பல சொற்களாம்; அந்த வசனத்தில் வருவது, சண்டைக்கு நிற்கிறவன் எதிராளியிடம் சொல்கிற சொல்லாம். அதன் பிறகு நான் டிவியில் கேட்டதை ஒரு முறை வடிகட்டித்தான் பேசினேன். மகள் வடிகட்டவில்லை. காலையில் குளியலறைக் கதவைத் தட்டிக்கொண்டு அதே வசனத்தை அதே குரலில் சொல்வாள்.

அந்தச் சனிக்கிழமை என் கணவர் வேலை விஷயமாக ஹனோய் போயிருந்தார். நானும் மகளும் டோங் டு தெருவில் இருக்கிற பள்ளிவாசலுக்குப் போயிருந்தோம். அந்தக் காலத்தில் வியாபாரத்துக்கு வந்த நம் தமிழ் முஸ்லிம்கள் கட்டிய பள்ளி அது. மாலைத் தொழுகையான அஸரை முடித்துவிட்டு, பக்கத்துக் கடையில் சாப்பிட்டுவிட்டு, வீட்டுக்கு டாக்ஸி பிடித்தோம். ஏறும்போது தூறல். நகரத்தின் நடுப்பகுதியிலிருந்து சைகோன் பாலத்தை நோக்கிப் போகிற பெரிய சாலைக்கு வருவதற்குள் வானம் கொட்டித் தீர்த்துவிட்டது.

அந்தச் சாலை தாழ்வானது. மழை பெய்தால் குளமாகிவிடும். அன்றைக்குக் கடல் ஏற்றத்தால் ஆற்றுத் தண்ணீரும் உயர்ந்து சேர்ந்துகொண்டது. கொஞ்ச நேரத்தில் எங்கள் டாக்ஸியைச் சுற்றிலும் முன்னும் பின்னும் மோட்டார் சைக்கிள்கள்தான். நூற்றுக்கணக்கில், கைப்பிடியோடு கைப்பிடி உரச நின்றன. பாதி வண்டிகள் தண்ணீர் புகுந்து நின்றுபோய், ஆட்கள் அவற்றைப் பிடித்துக்கொண்டு நின்றார்கள். எல்லோரும் ஹாரன் அடித்தார்கள். எல்லோரும் அடித்ததால் எவருடைய ஹாரனுக்கும் அர்த்தம் இல்லை.

மகள் இருமத் தொடங்கினாள். எப்போதும் என் பையில் இருக்கும் நீல நிற இன்ஹேலரைக் கொடுத்தேன். வழக்கமாக உடனே தெளிந்துவிடுவாள். அன்றைக்குத் தெளியவில்லை. திரும்பக் கொடுத்தேன். தோள்கள் மேலே ஏறி இறங்கின. தொண்டைக்குழி உள்ளே இழுத்தது.

“உம்மா... மூச்சு...” அதற்கு மேல் அவளால் வாக்கியத்தை முடிக்க முடியவில்லை. வாய் ஓயாத பிள்ளை என்று சொன்னேன் அல்லவா, அந்தப் பிள்ளை ஒரு வார்த்தைக்கும் அடுத்த வார்த்தைக்கும் நடுவில் மூச்சைத் தேடிக்கொண்டிருந்தாள்.

“ஒண்ணும் இல்ல தங்கம், நிமிந்து உக்காரு. மெதுவா இழு, மெதுவா விடு” என்று சொல்லிக்கொண்டே ஆம்புலன்ஸுக்குப் போன் செய்தேன். அனுப்புகிறோம், ஆனால் அந்தச் சாலைக்குள் எப்போது வந்து சேரும் என்று சொல்ல முடியாது என்றார்கள்.

டாக்ஸி டிரைவர் நரைத்த தலைக்காரர். கண்ணாடியில் பார்த்தவர் ஏசியை அணைத்து ஜன்னலை இறக்கினார். “அந்தத் திருப்பம் தாண்டினா ஆஸ்பத்திரிதான்” என்று கையைக் காட்டினார். உண்மையில் அந்தக் கட்டடத்தின் மேல்மாடி விளக்குகள் எங்கள் கண்ணுக்குத் தெரிந்தன. போக வழிதான் இல்லை. அவர் இறங்கி, முன்னால் நின்ற வண்டிக்காரர்களின் தோளைத் தட்டி ஏதோ சொன்னார். அவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். எங்கே நகர்வது என்பதுபோல் கையை விரித்தார்கள். அவர்களைக் குறை சொல்ல முடியாது.

நான் மகளைத் தூக்கிக்கொண்டு இறங்கினேன். தண்ணீர் கெண்டைக்கால்வரை. அடியில் என்ன இருக்கிறது, எங்கே சாக்கடை மூடி திறந்திருக்கிறது என்று தெரியாது. இரண்டு வண்டிகளுக்கு நடுவில் நுழையப் பார்த்தேன். ஒரு சைலன்சர் என் காலைச் சுட்டது. தடுமாறி டாக்ஸியின் மேலேயே சாய்ந்தேன். மகளின் உதட்டைப் பார்த்தேன். நிறம் மாறத் தொடங்கியிருந்தது. அந்த நிமிஷம் நான் பயந்ததுபோல் என் வாழ்நாளில் அதற்கு முன்னும் பின்னும் பயந்ததில்லை. வியட்நாமிய மொழி முழுதும் மறந்துபோய், “யாராச்சும் வாங்களேன்!” என்று தமிழில் கத்தினேன்.

அப்போதுதான் சாலையோரத்தில் அந்த மஞ்சள் நிறத்தைப் பார்த்தேன்.

முதலில் நம்பவில்லை. அந்த மழைக்கோட்டு, அந்த ஹெல்மெட், அந்த மீசை. நடைபாதை மேட்டில் குடை பிடித்துக்கொண்டு ஒரு சிறு குழு நின்றது. தலையில் ஹெட்போன் மாட்டிய ஓர் இளம் பெண், ஒரு கேமராக்காரர், அந்த ஓட்டை மோட்டார் சைக்கிள், அதன் பின்னால் அட்டையில் செய்த பெரிய ஃபிரிட்ஜ். வெள்ளக் காட்சி எடுக்க வந்திருக்கிறார்கள் என்று பிற்பாடு தெரிந்தது. மஞ்சள் கோட்டு மாமா என் சத்தத்தைக் கேட்டுத் திரும்பினார். என் தோளில் கிடந்த பிள்ளையைப் பார்த்தார். அடுத்த நொடி தண்ணீரில் இறங்கி, வண்டிகளைப் பிடித்துப் பிடித்து என்னை நோக்கி வந்தார்.

“என்ன ஆச்சு தங்கச்சி?”

“ஆஸ்துமா. ஆஸ்பத்திரி. மூச்சு இல்ல” என்று எனக்கு வந்த சொற்களையெல்லாம் கொட்டினேன்.

அவர் மகளின் முகத்தை ஒரு கணம் உற்றுப் பார்த்துவிட்டு, சாலையைப் பார்த்துத் திரும்பி, இரண்டு கைகளையும் தூக்கி உரக்கக் கத்தினார்.

“அவசரம்! வழி விடுங்க! அவசரம்!”

சாலை முழுக்கச் சிரித்தது.

அவர் மீது தவறில்லை, சிரித்தவர்கள் மீதும் தவறில்லை. வாராவாரம் டிவியில் அவர்களைச் சிரிக்கவைத்த அதே ஆள், அதே கோட்டு, அதே சொல். எத்தனை நேரமாகவோ நனைந்து சலித்துப்போய் நின்றவர்களுக்கு அது ஓர் ஆறுதலாக இருந்திருக்கும். “ஏய், அவருடா!” என்று பின்னாலிருந்து குரல்கள். “இன்னைக்கு எந்தக் கடைக்குக் காபி குடிக்கப் போறீங்க?” என்று ஒருவன் கேட்டான். மழைக்கோட்டுக்குள்ளிருந்து செல்போன்கள் வெளியே வந்தன.

“நெஜமாதான் சொல்றேன்! கொழந்தைக்கு மூச்சு வரல!” என்று அவர் கத்தினார். இன்னும் பலமாகச் சிரித்தார்கள். ஹெல்மெட்டைக் கழற்றினார். மீசையைப் பிய்த்தார். பாதி மீசை ஒட்டிக்கொண்டு தொங்கியது. அதைப் பார்த்து இன்னும் சிரிப்பு. நான் பிள்ளையை வைத்துக்கொண்டு அழுவதையும் நடிப்பு என்றுதான் நினைத்தார்கள்.

மழை அவர் முகத்தில் வழிந்தது. நீட்டிய செல்போன்களை ஒரு சுற்றுப் பார்த்தார். பிறகு ஹெல்மெட்டைத் திரும்ப மாட்டினார். நிற்கிற தோரணையே மாறிவிட்டது. தொப்பை முன்னால் வந்தது. சாலை நடுவில் இருந்த தடுப்புக் கட்டையின் மேல் ஏறி நின்று, டிவியில் பேசுகிற அதே திமிர்க் குரலில் கேட்டார்.

“என்னைப் படம் பிடிக்கிறீங்களா?”

“ஆமா!” என்றது கூட்டம்.

“பிடிங்க. நான் யாருக்காச்சும் வழி விட்டு எவனாவது பாத்திருக்கீங்களா?”

“இல்லவே இல்ல!”

“இன்னைக்கு விடப்போறேன்.” ஓ என்று ஆரவாரம். “ஆனா தனியா விட எனக்கு வெக்கமா இருக்கு. நீங்களும் சேந்து விடணும். இந்தப் பக்கம் நிக்கிறவன் இந்த ஓரம், அந்தப் பக்கம் நிக்கிறவன் அந்த ஓரம். நடுவுல என் வண்டி போற அளவுக்கு வழி தெரியணும்.” சொல்லிக்கொண்டே அந்த மஞ்சள் கோட்டைக் கழற்றித் தலைக்கு மேலே கொடிபோல் தூக்கிப் பிடித்தார். “எவன் நகரலையோ, இந்தக் கோட்டை அவனுக்கு மாட்டிவிடுவேன். இனிமே அவன்தான் நான்!”

அவ்வளவுதான். யாருக்கும் அந்தக் கோட்டு வேண்டாம். சிரித்துக்கொண்டே, ஒருவரை ஒருவர் இடித்துக்கொண்டே, முன் சக்கரத்தைத் தூக்கித் திருப்பி ஓரத்தில் வைத்தார்கள். நின்றுபோன வண்டிகளைப் பக்கத்தில் இருந்தவர்கள் சேர்ந்து நகர்த்தினார்கள். “அண்ணே, உங்களுக்குத்தான் கோட்டு!” என்று நகராதவர்களைக் கேலி செய்து நகர்த்தினார்கள். எங்கள் டிரைவர் எவ்வளவோ கெஞ்சியும் கிடைக்காத வழி, கண்ணெதிரே ஒரு கோடுபோல் திறந்தது.

ஹெட்போன் பெண்தான் அந்தக் குழுவின் இயக்குநர். அவள் அதற்குள் அட்டை ஃபிரிட்ஜின் கயிற்றை அறுத்து அதைத் தண்ணீரில் தள்ளிவிட்டு, மோட்டார் சைக்கிளை உருட்டிக்கொண்டு வந்துவிட்டாள். அவர் ஏறி உட்கார்ந்தார். மஞ்சள் கோட்டை மகளுக்குப் போர்த்தி, என்னைப் பின்னால் ஏறச் சொல்லி, எங்கள் இருவருக்கும் நடுவில் அவளை உட்காரவைத்தார். “படுக்க விடாதீங்க, நிமிந்தே இருக்கட்டும்” என்றார். டிரைவர் டாக்ஸியைப் பூட்டிவிட்டு, கையில் ஒரு குடையோடு எங்களுக்கு முன்னால் தண்ணீரைக் குத்திப் பார்த்துக்கொண்டே நடந்தார், பள்ளம் இருக்கிறதா என்று.

கொஞ்ச தூரம் போனதும் பக்கத்தில் நின்ற ஒரு பெண், வண்டியின் முன்னால் காய்கறிப் பைகள் தொங்க நின்றவள், மகளின் முகத்தைக் கிட்டத்தில் பார்த்துவிட்டாள். சிரித்துக்கொண்டிருந்த வாய் அப்படியே நின்றது.

“இது நடிப்பு இல்ல! புள்ள முகத்தைப் பாருங்க! நெஜம்!” என்று அலறினாள்.

அந்த இடத்திலிருந்து சிரிப்பு அடங்கியது எனக்குக் கேட்டது. செல்போன்கள் கீழே இறங்கின. “கொழந்தை, கொழந்தை!” என்ற சொல் எங்களுக்கு முன்னால் ஓடியது. ஒரு வண்டிக்காரர் முன்னால் இருப்பவரின் முதுகைத் தட்டிச் சொன்னார், அவர் அவருக்கு முன்னால் இருப்பவரிடம் சொன்னார். திருப்பத்தில் இருந்தவர்கள் எங்கள் நாடகத்தையும் பார்க்கவில்லை, கோட்டையும் பார்க்கவில்லை. அவர்களுக்கு வந்து சேர்ந்தது அந்த ஒரு சொல் மட்டும்தான். நாங்கள் போய்ச் சேருவதற்கு முன்பே அங்கே வழி திறந்திருந்தது.

திருப்பத்தில்தான் பள்ளம். தண்ணீர் இன்ஜினுக்குள் ஏறி வண்டி இருமி நின்றுவிட்டது. “அல்லாஹ்!” என்று நான் கத்தியது நினைவிருக்கிறது. யாரும் உதவி கேட்கவில்லை, தள்ளச் சொல்லவும் இல்லை. இரண்டு பக்கமும் நின்றவர்கள் தங்கள் வண்டிகளை அடுத்தவரிடம் பிடிக்கக் கொடுத்துவிட்டு இறங்கினார்கள். அலுவலகச் சட்டை போட்ட ஒருவர், உணவு டெலிவரி உடுப்பில் ஒருவர், ஹைஹீல்ஸைக் கையில் பிடித்த ஒரு பெண். எங்களை வண்டியோடு சேர்த்துத் தள்ளிக்கொண்டு ஓடினார்கள். ஆஸ்பத்திரி வாசல் சரிவில் ஏறும்வரை அந்தக் கைகள் விடவில்லை. திரும்பி நன்றி சொல்வதற்குள் அவர்கள் தங்கள் வண்டிகளைத் தேடிப் போய்விட்டார்கள். அவர்களில் ஒருவரின் முகம்கூட இன்று எனக்கு நினைவில்லை.

உள்ளே மகளுக்கு ஆக்சிஜன் வைத்தார்கள், மருந்தைப் புகையாக்கி மாஸ்க் வழியாகக் கொடுத்தார்கள், ஊசி போட்டார்கள். டாக்டர் ஓர் இளைஞர். மார்பில் ஸ்டெதஸ்கோப்பை வைத்துக் கேட்டுக்கொண்டே இருந்தார். அவர் முகத்தில் இறுக்கம் குறைவதைப் பார்த்த பிறகுதான் நான் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்தேன். “நேரத்துக்குக் கொண்டுவந்தீங்க” என்றார். உதட்டில் நிறம் திரும்பியது. மகள் என் விரலைப் பிடித்துக்கொண்டாள். கணவருக்குப் போன் செய்தேன். அந்த முனையில் அவர் அழுததை முதல் முறையாகக் கேட்டேன்.

வெளியே வந்தால், நடைக்கூடத்துப் பெஞ்சில் மஞ்சள் கோட்டு மாமா உட்கார்ந்திருந்தார். சொட்டச் சொட்ட நனைந்து, பாதி மீசையோடு. இரண்டு நர்ஸுகள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தபடி அவரோடு போட்டோ எடுக்க நின்றார்கள். கையில் கட்டுப்போட்ட ஒரு நோயாளி, “எங்கே வண்டி?” என்று கேட்டுக்கொண்டு வந்தார். மாமா எல்லோருக்கும் எழுந்து நின்று, தொப்பையை முன்னால் தள்ளிச் சிரித்துக்காட்டினார். அவர்கள் போனதும் உட்கார்ந்தார்.

“மகள் நல்லா இருக்கா. உங்களாலதான்” என்றேன்.

அவர் நெஞ்சில் கை வைத்து மூச்சை விட்டார். “நான் ரொம்பப் பயந்துட்டேன் தங்கச்சி” என்றார். “ஜனங்க சிரிக்கணும்னுதான் இத்தனை வருஷமா உழைக்கிறேன். சிரிக்கலைன்னா ராத்திரி தூக்கம் வராது. இன்னைக்குத்தான் மொதல் தடவையா, இந்தச் சிரிப்பு நிக்காதான்னு வேண்டிக்கிட்டேன்.”

“அப்புறம் எப்படி அந்த யோசனை வந்தது?”

“அழுது காட்டினா நம்ப மாட்டாங்க, ஏன்னா அது என் வேலை இல்ல. சிரிக்க வச்சா கேப்பாங்க. அதுதான் என் வேலை.”

அவரை உள்ளே கூட்டிக்கொண்டு போனேன். மகள் மாஸ்க்குக்கு மேலே கண்களை அகல விரித்தாள். மஞ்சள் கோட்டு கட்டில் கம்பியில் காய்ந்துகொண்டிருந்தது. அவர் அவள் பக்கத்தில் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். எழுந்து போகிற மாதிரியே தெரியவில்லை. மகள் மாஸ்க்கைக் கொஞ்சம் விலக்கி, கம்மிய குரலில், சுத்தமான வியட்நாமிய மொழியில் கேட்டாள்.

“உங்களுக்கு அவசரம் இல்லையா?”

“இன்னைக்கு லீவு” என்றார் அவர். பிறகு முகத்தை அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டார்.

அடுத்த நாள் மாலையில் மகளை வீட்டுக்கு அனுப்பினார்கள். என் கணவர் முதல் விமானம் பிடித்து வந்துவிட்டார். டாக்ஸி டிரைவரைத் தேடிப்பிடித்து அவர் வீட்டுக்குக் குடும்பத்தோடு போய் வந்தோம். அவர் இதை ஒரு பெரிய விஷயமாகவே எடுத்துக்கொள்ளவில்லை. அவருடைய மனைவிதான் மகளை மடியில் வைத்துக்கொண்டு நடந்ததை முழுதாகக் கேட்டார்.

அதற்குப் பிறகு வந்த ஒவ்வொரு ஞாயிறும் நாங்கள் மூவரும் டிவி முன்னால் காத்திருந்தோம். அந்தக் காட்சி வரும், வழிவிட்ட அந்தச் சாலையை ஊரெல்லாம் பார்க்கும் என்று. வெள்ளக் காட்சி வந்தது. அதில் மஞ்சள் கோட்டு மாமா வழக்கம்போல் எல்லோர் மீதும் தண்ணீரை அடித்துக்கொண்டு போனார், அட்டை ஃபிரிட்ஜ் தண்ணீரில் மிதந்து அவருக்கு முன்னால் காபிக்கடைக்குப் போய்ச் சேர்ந்தது. ஊர் சிரித்தது. எங்கள் சாலை வரவே இல்லை.

மகளுக்கு ஒரே ஏமாற்றம். சில வாரங்கள் கழித்து நான் நெய்ச்சோறும் தாளிச்சாவும் செய்து எடுத்துக்கொண்டு, சேனலுக்குப் போன் செய்து விசாரித்து, அந்த இயக்குநர் பெண் சொன்ன இடத்துக்கு மகளோடு போனேன். ஒரு சந்தில் படப்பிடிப்பு நடந்துகொண்டிருந்தது. இடைவேளையில் எல்லோரும் பிளாஸ்டிக் ஸ்டூல்களில் உட்கார்ந்து சாப்பிட்டார்கள். தாளிச்சாவை அவர் மூன்று முறை வாங்கிச் சாப்பிட்டார். நான் மெதுவாகக் கேட்டேன், அன்றைக்கு நடந்ததை ஏன் நிகழ்ச்சியில் காட்டவில்லை என்று.

இயக்குநர் பெண் சிரித்தாள். “எழுதிப் பாத்தோம், அக்கா. இவர்தான் வேண்டாம்னுட்டார்.”

அவர் கையைத் துடைத்துக்கொண்டு சொன்னார்: “சைகோன்ல சாயங்கால நேரத்துல, மழையில, எல்லாரும் ஓரமா ஒதுங்கி வழி விட்டாங்கன்னு காட்டினா யாரு நம்புவா? பொய் சொல்றாங்கன்னு சேனலை மாத்திருவாங்க. எங்களுக்கு இருக்கிறது அந்த ஒரு பேருதான். நடக்கிறதைத்தான் காட்டுறோம்னு.”

“ஆனா அது நடந்துச்சே?” என்றாள் மகள்.

“நடந்துச்சு” என்றார். “அதனாலதான் நான் இன்னும் இந்த வேலையை விடாம செய்யறேன்.”

நாங்கள் இன்னும் அங்கேதான் இருக்கிறோம். இப்போது மெட்ரோ ஓடுகிறது. மழை நாட்களில் அதில்தான் போய்வருகிறோம். மகள் உயர்நிலைப் பள்ளிக்கு வந்துவிட்டாள். ஆஸ்துமா கட்டுக்குள் இருக்கிறது. ஊர் ஒன்றும் மாறிவிடவில்லை. லிஃப்டில் இப்போதும் இறங்குவதற்கு முன்னால் ஏறுகிறார்கள். நடைபாதையில் வண்டி ஏறி வந்து என் பின்னாலேயே ஹாரன் அடிக்கிறது. முன்பெல்லாம் எனக்குக் கோபம் தலைக்கு ஏறும், இதெல்லாம் ஓர் ஊரா என்று முனகுவேன். இப்போது ஒதுங்கி நின்று அந்த ஆளின் முதுகைப் பார்க்கிறேன். அன்றைக்குத் தண்ணீரில் இறங்கி எங்களைத் தள்ளிக்கொண்டு ஓடியவர்களில் இவரும் ஒருவராக இருக்கலாம், எனக்குத்தான் முகம் தெரியாது.